திரிக்லாவ் ஏறலாமா? வாசகர் கேள்வி–பதில்

கேள்வி: ஸ்லோவேனியாவின் திரிக்லாவ் சிகரத்தை ஒரே நாளில் ஏறி இறங்க முடியுமா? நடைப் பழக்கம் உண்டு, பாறை ஏறியதில்லை.

பதில்: முடிப்பவர்கள் இருக்கிறார்கள். முதல்முறை போகிறவர் இரண்டு நாள் ஒதுக்குவதே நல்லது. உயரம் 2,864 மீட்டர்தான். ஆனால் கிர்மா பள்ளத்தாக்கிலிருந்து கிளம்பினால் சுமார் 1,900 மீட்டர் ஏற வேண்டும். வழிகளில் எளிதானது அதுதான், நீளமும் அதிகம். 2,515 மீட்டரில் இருக்கும் கிரெடாரிட்சா விடுதியில் இரவு தங்கி, விடியலில் உச்சிக்குப் புறப்படுங்கள். மதியத்துக்குமேல் இடிமழை வரும். முகடு முழுக்க எஃகுக் கம்பி ஓடுவதால், மின்னல் நேரத்தில் அங்கே நிற்பது உயிருக்கே ஆபத்து.

விடுதியைத் தாண்டியதும் கம்பியும் இரும்பு முளைகளும் அடித்த செங்குத்துப் பாறை, பிறகு மாலி திரிக்லாவ் என்ற பக்கத்துச் சிறு சிகரத்திலிருந்து உச்சி வரை குறுகிய முகடு. பாறைப் பழக்கம் இல்லாத நீங்கள் வழிகாட்டியோடு போங்கள். நாட்டுக் கொடியின் சின்னத்திலேயே இடம்பெற்ற மலை என்பதால் ஆகஸ்ட் வார இறுதிகளில் ஏறுவோரும் இறங்குவோரும் ஒரே கம்பியில் நெரிசலாக நிற்பார்கள். வார நாளில் போனால் பாதித் தொல்லை குறையும்.

சுண்ணாம்புப் பாறை மலை, பெய்த மழை உள்ளே இறங்கிவிடும். மேலே ஊற்றை நம்பாமல் கீழேயே இரண்டு லிட்டராவது நிரப்பிக்கொள்ளுங்கள். படுக்கைக்குள் விரித்துக்கொள்ள உறைத்துணியும் கொண்டுபோங்கள். தேசியப் பூங்காவுக்குள் கூடாரம் அடிக்க அனுமதி இல்லை.

கேள்வி: இடுப்புப் பட்டையில் சாதாரணக் கயிறும் ஒரு கொக்கியும் கட்டிக்கொண்டால் போதாதா?

பதில்: போதவே போதாது. கம்பியில் கொக்கி மாட்டியிருக்கும்போது வழுக்கினால், கீழே உள்ள முளை வரை சறுக்கிப்போய்த்தான் நிற்பீர்கள். பல மீட்டர் விழுந்த வேகம் முழுவதையும் ஒரு மீட்டர் கயிறு தாங்க நேரும். கயிறு அறும், அறாவிட்டால் இடுப்பு முறியும். இப்படிக் கம்பி பதித்த பாறைவழிக்கென்றே (வியா ஃபெராட்டா) உள்ள செட்டில் இரண்டு கொக்கிகளோடு மடித்துத் தைத்த பட்டை ஒன்றும் உண்டு. விழும்போது அந்தத் தையல் பிரிந்து பிரிந்து அதிர்ச்சியை உறிஞ்சும். ஒருமுறை பிரிந்துவிட்டால் அந்த செட்டை மறுபடி பயன்படுத்தக் கூடாது.

முளை வந்ததும் முதல் கொக்கியைக் கழற்றி அடுத்த கம்பியில் மாட்டுங்கள். அது பூட்டிய பிறகே இரண்டாவதைத் தொடுங்கள். அவசரத்தில் இரண்டையும் ஒன்றாகக் கழற்றுவதுதான் பலர் செய்யும் தவறு. இரு முளைகளுக்கு நடுவே ஒருவர் மட்டுமே இருக்க வேண்டும். மேலே இருப்பவர் கல் உருட்டிவிடலாம் என்பதால் தலைக்கவசம் கட்டாயம்.

கேள்வி: ஜூன் தொடக்கத்தில் போகலாமா?

பதில்: வேண்டாம். அப்போது பல இடங்களில் கம்பியே பனிக்குள் புதைந்திருக்கும். பனிக்கோடாரியும் காலணி முட்களும் இல்லாமல் நகர முடியாது. ஜூலை முதல் செப்டம்பர் வரை சரியான காலம். ஆபத்தில் அழைக்க வேண்டிய எண் 112.