ரெனே லெவெக்: வென்றதும் கோட்டை விட்டதும் - கேள்வி பதில்

கனடாவில் பிரெஞ்சு பேசுவோர் பெரும்பான்மையாக வாழும் கியூபெக் மாகாணத்தை 1976 முதல் 1985 வரை ஆண்ட முதல்வர் ரெனே லெவெக் பற்றி வந்த கேள்விகளில் ஒரே விஷயத்தைக் கேட்டவற்றைச் சேர்த்துவிட்டேன். வாழ்க்கை வரலாறு முழுவதும் இங்கே இல்லை. அரசியலில் அவர் என்ன செய்தார், எப்படிச் செய்தார், எங்கே சறுக்கினார் என்பது மட்டும்தான்.

கேள்வி: பெயரை லெவஸ்க் என்று சிலர் எழுதுகிறார்கள். எது சரி?

லெவெக். நடுவில் உள்ள 's' எழுத்தில் மட்டும்தான், வாயில் வராது. பிரெஞ்சில் அந்தச் சொல்லுக்கு 'ஆயர்' என்று பொருள். கியூபெக்கின் பள்ளிகளும் மருத்துவமனைகளும் திருச்சபையின் கையிலிருந்து அரசின் கைக்கு வந்த காலத்தில் அமைச்சராக இருந்தவருக்கு இப்படி ஒரு பெயர்!

கேள்வி: தொலைக்காட்சியில் இருந்தவருக்கு முதல் தேர்தலிலேயே எப்படி சீட் கிடைத்தது?

அவரைத் தெரியாத வீடே கிடையாது, அதனால்தான். 1956 முதல் 1959 வரை, கனடாவின் பொது ஒளிபரப்பு நிறுவனத்தின் பிரெஞ்சுப் பிரிவான ரேடியோ-கனடாவில் 'புவான் த மீர்' என்ற நிகழ்ச்சியை நடத்தினார். ஒரு வரைபடம், ஒரு கரும்பலகை, விரலிடுக்கில் அணையாத சிகரெட். சூயஸ் கால்வாய் தகராறையோ அல்ஜீரியப் போரையோ அரை மணி நேரத்தில் கடைக்காரருக்கும் புரியும்படி சொல்லிவிடுவார். 1958 டிசம்பர் கடைசியில் அங்கே தயாரிப்பாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கி இரண்டு மாதத்துக்கு மேல் நீண்டது. பிரெஞ்சு ஒளிபரப்பு முடங்கிக் கிடந்தும் ஒட்டாவா, அதாவது கனடாவின் மத்திய அரசு, கண்டுகொள்ளவில்லை. ஆங்கில ஒளிபரப்பு முடங்கியிருந்தால் இப்படி விட்டிருப்பார்களா என்ற கேள்வி அவரை அரசியலுக்குத் தள்ளியது.

1960 ஜூன் 22 தேர்தலில் லிபரல் தலைவர் ழான் லெசாஜ் அவருக்கு மொன்றியல்-லோரியே தொகுதியைக் கொடுத்தார். வென்றது வெறும் 129 வாக்கில். வாக்குச்சீட்டில் இன்னொரு ரெனே லெவெக்கும் இருந்ததுதான் காரணம். ஒரே பெயரில் ஆளை நிறுத்திக் குழப்பும் வித்தையை இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை.

கேள்வி: மின்சாரத்தை அரசுடைமை ஆக்கியது அவர்தான் என்கிறார்கள். பணம் எங்கிருந்து வந்தது? கம்பெனிகள் சும்மா விட்டனவா?

முதலில் ஒரு திருத்தம். ஹைட்ரோ-கியூபெக் 1944-லேயே பிறந்துவிட்டது. ஆனால் மொன்றியல் வட்டாரம்தான் அதன் கையில் இருந்தது. மற்ற இடங்களில் ஷாவினிகன் போன்ற தனியார் நிறுவனங்களும் சிறு கூட்டுறவுகளும் ஆளுக்கொரு பகுதியைப் பிடித்து வைத்திருந்தன. ஊருக்கு ஊர் கட்டணம் வேறு. அபிடிபி பகுதியில் மின்சாரமே 25 ஹெர்ட்ஸில் ஓடியது. மற்ற இடங்களில் 60. கடையில் வாங்கிய மோட்டாரை அங்கே கொண்டுபோய் மாட்டினால் சரியாக ஓடாது. நிர்வாகத்தின் மேல்மட்டத்தில் பிரெஞ்சு பேசுவோர் அரிது.

1962 பிப்ரவரியில், இயற்கை வள அமைச்சராக, மின்துறையினர் கூடியிருந்த அரங்கிலேயே எல்லாவற்றையும் ஒன்றாக்க வேண்டும் என்று பேசிவிட்டார். முதல்வர் லெசாஜுக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. லெசாஜ் கடுப்பானார். செப்டம்பரில் லாக்-அ-லெபோல் ஏரிக்கரையில் இரண்டு நாள் அமைச்சரவைக் கூட்டம் நடந்தது. அங்கே எண்களை வைத்துத்தான் லெவெக் வாதாடினார். தனியார் நிறுவனம் கட்டும் வருமான வரி ஒட்டாவாவுக்குப் போகிறது, அரசு நிறுவனமானால் அந்தப் பணம் இங்கேயே நிற்கும் என்பது அதில் முக்கியமான கணக்கு. லெசாஜ் மனம் மாறியதோடு நிற்காமல், இதையே வைத்து முன்கூட்டியே தேர்தல் அறிவித்தார். 'நம் வீட்டுக்கு நாமே எஜமானர்' என்பது முழக்கம். நவம்பர் 14-ல் 95 இடங்களில் 63 கிடைத்தன.

யாரிடமிருந்தும் பிடுங்கவில்லை. டிசம்பர் கடைசியில் பங்குதாரர்களுக்கு விலை சொல்லி, விருப்பப்பட்டு விற்கச் செய்தார்கள். பெரும்பாலோர் சந்தை விலையைவிட நல்ல விலை என்று கொடுத்துவிட்டார்கள். 11 நிறுவனங்கள், மொத்தம் சுமார் 60 கோடி டாலர். அதில் பாதியளவு, 30 கோடி அமெரிக்க டாலர், நியூயார்க்கில் கடன் வாங்கியது. 1963 மே 1 அன்று கைமாறியது. 25 ஹெர்ட்ஸ் பகுதியில் இயந்திரங்களை மாற்றும் வேலை அதன் பிறகுதான் நடந்தது.

கேள்வி: அவ்வளவு செல்வாக்கோடு இருந்தவர் லிபரல் கட்சியை விட்டு ஏன் போனார்?

1966-ல் லிபரல்கள் 47% வாக்கு வாங்கியும் தோற்றார்கள். 41% வாங்கிய, கிராமங்களில் பலமான பழமைவாதக் கட்சி யூனியன் நேஷனலுக்கு 56 இடம், இவர்களுக்கு 50. கிராமத் தொகுதிகளில் வாக்காளர்கள் குறைவு, நகரத் தொகுதிகளில் அதிகம். எதிர்க்கட்சி வரிசையில் உட்கார்ந்தபோது லெவெக், கியூபெக் தனி இறையாண்மையோடு கனடாவுடன் பொருளாதாரக் கூட்டு வைத்துக்கொள்ளலாம் என்ற திட்டத்தை எழுதினார். 1967 அக்டோபர் லிபரல் மாநாட்டில் அது தோற்கப் போகிறது என்று தெரிந்ததும் வெளியேறினார். மறு ஆண்டு பார்ட்டி கெபெக்வா, சுருக்கமாகப் பெக்கே, உருவானது.

கேள்வி: சார், 1970-லும் 1973-லும் அவரே தோற்றார். பிறகு 1976-ல் திடீரென்று ஆட்சி. மூன்று வருடத்தில் மக்கள் அவ்வளவு மாறிவிட்டார்களா?

மாறினார்கள்தான், ஆனால் இடங்கள் காட்டும் அளவுக்கு இல்லை.

1970: பெக்கே 23% வாக்கு, 108-ல் 7 இடம். அதைவிடக் குறைவாக 20% வாங்கிய யூனியன் நேஷனலுக்கு 17 இடம்.
1973: பெக்கே 30%, 110-ல் 6 இடம். லிபரல் 55%, 102 இடம்.
1976 நவம்பர் 15: பெக்கே 41%, 71 இடம். லிபரல் 34%, 26 இடம்.

1973-ல் வாக்கு கூடியும் ஓரிடம் குறைந்தது. லிபரலை எதிர்த்த மற்ற கட்சிகள் சரிந்ததால் தொகுதிக்குத் தொகுதி நேரடி மோதலாகிவிட்டது, அதில் 30% போதவில்லை. 1976-ல் தலைகீழ். யூனியன் நேஷனல் உயிர்பெற்று 18% வாங்கியது. பெரும்பாலும் லிபரலிடமிருந்து போன வாக்கு அது. அதனால் 41 சதவீதமே பெரும்பான்மைக்குப் போதுமானது. லிபரல் முதல்வர் ரொபேர் புரஸ்ஸாவே தன் தொகுதியில் தோற்றார்.

இன்னொன்று, 1974-ல் கட்சி கொள்கையை மாற்றியது. ஆட்சிக்கு வந்தாலும் பொதுவாக்கெடுப்பில் மக்கள் ஒப்புதல் தராமல் பிரிவினை இல்லை என்று அறிவித்தார்கள். கட்சியின் முன்னணித் தலைவர்களில் ஒருவரான குளோட் மொரான் கொண்டுவந்த இந்தப் 'படிப்படி' வழியைக் கட்சிக்குள் பலர் கோழைத்தனம் என்றார்கள். என்னைக் கேட்டால், இது இல்லாமல் 1976 வெற்றியே இல்லை. பிரிவினை வேண்டாம், புரஸ்ஸாவும் வேண்டாம் என்று நினைத்தவர்கள் பயமின்றி வாக்களிக்க அது வழிவிட்டது.

கேள்வி: அண்ணை, நாங்கள் மொன்றியலில் இருக்கிறோம். பிள்ளையை ஆங்கிலப் பள்ளியில் சேர்க்க முடியாது என்கிறார்கள். இதுவும் இவர் போட்ட சட்டமா?

ஓம், அவருடைய அரசு 1977 ஆகஸ்டில் நிறைவேற்றிய பிரெஞ்சு மொழிச் சாசனம், 101-ம் சட்டம். எழுதியவர் அமைச்சர் கமீல் லோரான். தன் மொழியைக் காக்கச் சட்டம் தேவைப்படுகிறதே என்று லெவெக்குக்கே அதில் மனக்குறை உண்டு. அதற்கு முன் புரஸ்ஸாவின் 22-ம் சட்டம் சின்னப் பிள்ளைகளுக்கு ஆங்கிலத் தேர்வு வைத்துத் தகுதி பார்த்தது. அது எல்லாத் தரப்பையும் எரிச்சலூட்டியது. லோரான் பிள்ளையை விட்டுவிட்டுப் பெற்றோரைப் பார்த்தார்.

இப்போதுள்ள பொது விதி: அப்பாவோ அம்மாவோ கனடியக் குடியுரிமை உள்ளவராக இருக்க வேண்டும். அவர் கனடாவில் படித்த ஆரம்பக் கல்வியின் பெரும்பகுதி ஆங்கிலத்தில் இருந்திருக்க வேண்டும். யாழ்ப்பாணத்திலோ சென்னையிலோ ஆங்கில வழியில் படித்தது கணக்கில் வராது. ஆனால் டொராண்டோவின் ஸ்கார்பரோவில் ஆரம்பப் பள்ளி படித்து, குடியுரிமையும் பெற்ற ஒருவர் மொன்றியலுக்குக் குடிவந்தால் அவருடைய பிள்ளைக்குத் தகுதி உண்டு. 1977-ல் சட்டம் 'கியூபெக்கில் படித்தவர்' என்றுதான் சொன்னது. 1984-ல் உச்ச நீதிமன்றம் அதை 'கனடாவில்' என்று விரிக்க வைத்தது. பலர் கோட்டை விடுவது இங்கேதான்: தகுதி இருந்தும் பெற்றோரின் பழைய பள்ளிச் சான்றை எடுத்து வைக்காமல் விண்ணப்பிக்கிறார்கள். பிள்ளையின் பிறப்புச் சான்றிதழில் பெற்றோர் பெயரும் இருக்க வேண்டும். விண்ணப்பம் ஆங்கிலப் பள்ளி வாரியம் வழியாகப் போகும். அரசு மானியம் பெறும் தனியார் பள்ளிக்கும் இதே விதிதான்.

கேள்வி: 1980 வாக்கெடுப்பில் கேள்வியைச் சுற்றி வளைத்துக் கேட்டதால்தான் தோற்றாரா?

கேள்வி நீளம்தான். பிரிவோமா என்று அது கேட்கவில்லை. சட்டம், வரி, வெளியுறவு எல்லாம் கியூபெக்கிடம், நாணயம் உட்படப் பொருளாதாரக் கூட்டு கனடாவோடு, இதற்காகப் பேச்சு நடத்த அரசுக்கு அதிகாரம் தருகிறீர்களா என்று கேட்டது. பேச்சின் முடிவை இன்னொரு வாக்கெடுப்பில்தான் ஏற்பார்கள் என்ற உறுதியும் அதிலேயே இருந்தது. தயங்குபவர்களை இழுக்கத்தான் இவ்வளவு மெத்தை.

ஓட்டை வேறிடத்தில். பேச்சுவார்த்தைக்கு எதிரில் ஆள் வேண்டும். மற்ற மாகாண முதல்வர்கள் பேச மாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள். கேள்வியை அவர் வெளியிட்டது 1979 டிசம்பர் 20. அதற்கு ஒரு வாரம் முன்புதான் ஒட்டாவாவில் ஜோ கிளார்க் அரசு கவிழ்ந்திருந்தது. பிப்ரவரித் தேர்தலில் வென்று பியேர் ட்ரூடோ பிரதமராகத் திரும்பினார். பலவீனமான கிளார்க்கை எதிர்பார்த்துப் போட்ட திட்டம், பிரெஞ்சில் சரிக்குச் சரி பேசக்கூடிய ட்ரூடோவோடு மோதியது. மே 20: வேண்டாம் 59.6%, வேண்டும் 40.4%. அடுத்த ஆண்டே அதே மக்கள் 49% வாக்கும் 122-ல் 80 இடமும் கொடுத்து அவரை மறுபடி முதல்வராக்கினார்கள்.

கேள்வி: 'நீண்ட கத்திகளின் இரவு' என்கிறார்களே, அதில் உண்மையில் ஏமாற்றியது யார்?

பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் கையில் இருந்த அரசியலமைப்பை லண்டனிலிருந்து கனடாவுக்குக் கொண்டுவர ட்ரூடோ முனைந்தபோது எட்டு மாகாணங்கள் கூட்டாக எதிர்த்தன. 1981 ஏப்ரலில் அந்தக் கூட்டணிக்காக லெவெக் திருத்தங்களைத் தடுக்கும் கியூபெக்கின் வீட்டோ உரிமைக் கோரிக்கையை விட்டுக்கொடுத்தார். மாற்றாக, பிடிக்காத திருத்தத்திலிருந்து இழப்பீட்டோடு விலகும் உரிமை. கூட்டணி நிலைத்தால் நல்ல பேரம்தான். உடைந்தால் கையில் ஒன்றும் மிஞ்சாது.

நவம்பர் 4 காலை, நாடு தழுவிய வாக்கெடுப்புக்குப் போகலாமா என்று ட்ரூடோ கேட்க, லெவெக் சரி என்றார். ட்ரூடோவின் திட்டத்தில் இருந்த உரிமைச் சாசனத்தை எதிர்த்துத் தெருவில் பிரச்சாரம் செய்ய விரும்பாத மற்ற ஏழு பேரும் அதிர்ந்துபோனார்கள். அன்றிரவுதான் 'நீண்ட கத்திகளின் இரவு'. லெவெக் ஆற்றின் அக்கரையில், ஹல் நகர ஹோட்டலில் தங்கியிருந்தார். ஒட்டாவா பக்கம் ட்ரூடோவின் நீதி அமைச்சர் ழான் கிரெட்டியனும் இரண்டு மாகாண அமைச்சர்களும் சமையலறையில் வைத்துக் குறித்த குறிப்பிலிருந்து உடன்பாடு வளர்ந்தது. காலை உணவுக்கு வந்தபோதுதான் லெவெக்குக்குத் தெரிந்தது.

மற்றவர்கள் அவரிடம் சொல்லாமல் முடித்தது உண்மை. முதல் நாள் அவரும் அவர்களைக் கேட்காமல் தலையாட்டியதும் உண்மை. கியூபெக்கில் முதல் பாதி மட்டும்தான் நினைவில் நிற்கிறது.

கேள்வி: தேர்தல் நிதிச் சட்டம் அவருடைய பெரிய சாதனை என்று படித்தேன். பிறகு ஏன் அங்கே அத்தனை ஊழல்?

1977 சட்டப்படி கட்சிக்கு வாக்காளர் மட்டுமே பணம் தரலாம். கம்பெனியும் தொழிற்சங்கமும் கூடாது. ஆண்டுக்கு உச்சவரம்பு 3,000 டாலர். சாதனைதான். ஆனால் அந்த வரம்பு சாதாரணக் குடும்பத்துக்கு மிகப் பெரிய தொகை. அந்த இடைவெளியில்தான் பினாமி நுழைந்தது: ஊழியர் தன் பெயரில் 3,000 தருவார், கம்பெனி போனஸாகத் திருப்பிக் கொடுக்கும். ஆவணத்தில் எல்லாம் சரியாக இருக்கும். பின்னாளில் கட்டுமான ஒப்பந்த ஊழலை விசாரித்த ஷார்பொனோ ஆணையத்தில் இது வண்டி வண்டியாக வெளிவந்தது. 2013-ல் வரம்பை 100 டாலராகக் குறைத்தார்கள். இந்தத் தொகைக்குப் பினாமி பிடிப்பது கட்டுப்படியாகாது.

கேள்வி: கடைசியில் சொந்தக் கட்சியே அவரைத் தள்ளிவிட்டதா?

இரண்டு அடி விழுந்தது. 1982 பொருளாதார மந்தத்தில் அரசு ஊழியர், ஆசிரியர் சம்பளத்தை 1983-ன் முதல் மூன்று மாதம் 20% வரை வெட்டினார். பெக்கேயின் களப்பணியாளர்களே அவர்கள்தான். 1984-ல் பிரையன் மல்ரோனி ஒட்டாவாவில் பிரதமரானதும் அவரோடு பேசிப் பார்ப்பதை 'அழகான துணிச்சல்' என்றார். இறையாண்மையை ஒத்திவைப்பதை ஏற்காமல் ழாக் பாரிசோ, கமீல் லோரான் உட்பட அமைச்சர்கள் நவம்பரில் விலகினார்கள். பாரிசோ 1962-ல் மின்சாரக் கணக்குப் போட்டுக் கொடுத்தவர்.

1985 ஜூன் 20, சட்டமன்றக் கூட்டத்தொடர் முடிந்த இரவு, கட்சித் தலைமையிலிருந்து விலகுவதாகச் சிறு கடிதம் வெளியிட்டார். அக்டோபரில் பியேர்-மார்க் ஜான்சன் முதல்வரானார். டிசம்பர் 2 தேர்தலில் புரஸ்ஸாவின் லிபரல்களுக்கு 99 இடம், பெக்கேக்கு 23.