கடைசிக் காட்சியில் யாரும் சிரிக்கவில்லையா?

உங்கள் நகைச்சுவைக் குறும்படத்தின் கடைசிக் காட்சிக்கு யாரும் சிரிக்கவில்லை, அதை வெட்டிவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள். வெட்ட வேண்டாம். டெலிவரிப் பையனின் பிணத்தைக் காதலி வீட்டு மாடியிலிருந்து கீழே கொண்டுவரும்போது, அதையும் காவலாளி சர்வீஸ் லிஃப்டுக்கு (டெலிவரி ஆட்கள், வேலையாட்களுக்கான தனி லிஃப்ட்) திருப்பிவிடும் இடம்தான் உங்கள் 12 நிமிடப் படத்தின் உயிர். கோளாறு அதற்கு முன்னால் இருக்கிறது.

நீங்கள் எழுதியதைப் பார்த்தால் சர்வீஸ் லிஃப்ட் அங்கேதான் முதல் முறையாக வருகிறது போல. அவனைப் போன்றவர்கள் அதில்தான் போக வேண்டும் என்ற விதி தெரியாதவருக்கு அது வெறும் சாவு. சாப்ளினின் 'சிட்டி லைட்ஸ்' (1931) பாருங்கள்: பணக்காரர் குடித்திருந்தால் சாப்ளின் நடித்த நாடோடியைக் கட்டிப்பிடிப்பார், போதை தெளிந்தால் யாரென்றே தெரியாது. அது திரும்பத் திரும்ப நடப்பதால்தான் சிரிப்பு வருகிறது, கூடவே வலியும். உங்கள் படத்திலும் டெலிவரிப் பையன் சாப்பாட்டுப் பையோடு வரும்போது ஒரு தடவை, காதலியே கைபிடித்துக் கூட்டி வரும்போது இன்னொரு தடவை அவனை அந்த லிஃப்டுக்கு அனுப்புங்கள்.

அப்புறம் கதை தெரியாத ஒருவருக்குப் போட்டுக் காட்டி, பிணத்தைத் தூக்கியதும் நிறுத்தி, "எந்த லிஃப்ட்?" என்று கேளுங்கள். யோசிக்காமல் சொன்னால் சரி.

ஒன்று மட்டும்: மூன்று தடவையும் காவலாளி, "தம்பி, அந்தப் பக்கம்" என்று தன்மையாகவே சொல்லட்டும். அதட்டினால் அவர் வில்லனாகிவிடுவார். அவருக்கும் அந்த லிஃப்ட்தானே.