நின்றுபோன நாடகத்தின் பாட்டுகளை என்ன செய்வது?

கேள்வி: எங்கள் குழுவின் ராக் இசை நாடகம் நாலே காட்சிகளோடு நின்றுவிட்டது. அதற்கு நான் எழுதி மெட்டமைத்த ஆறு பாட்டுகள் கையில் இருக்கின்றன. ஒன்று 9 நிமிடம். கேட்டவர்கள் எல்லாம் பாதியாக வெட்டச் சொல்கிறார்கள். நாடகத்தில் பாடிய நண்பரோ, “இது என் பாட்டு, வேறு யாருக்கும் கொடுக்காதே” என்கிறார். அமெரிக்கப் பாடலாசிரியரும் இசையமைப்பாளருமான ஜிம் ஸ்டைன்மன் பாட்டுகளைக் கேட்டுத்தான் நான் எழுதவே வந்தேன். இனி என்ன செய்யலாம்?

பதில்: ஸ்டைன்மன் பெயரை நீங்களே எடுத்துவிட்டீர்கள், எனக்கு வேலை சுலபம். இந்த மூன்று சிக்கலிலும் மாட்டியவர் அவர்.

பீட்டர் பான் கதையை வைத்து அவர் எழுதிய ‘நெவர்லேண்ட்’ இசை நாடகம் 1977இல் வாஷிங்டன் கென்னடி சென்டரில் பயிலரங்கு அளவில் நடந்தது. அதற்கு மேல் போகவில்லை. ஆனால் அதன் பாட்டுகள் சில, அதே ஆண்டு அக்டோபரில் மீட் லோஃப் என்ற ராக் பாடகர் பாடிய ‘பேட் அவுட் ஆஃப் ஹெல்’ ஆல்பத்தில் வந்தன. பல கம்பெனிகள் கைவிரித்து, கடைசியில் கிளீவ்லாண்ட் இன்டர்நேஷனல் என்ற சின்ன கம்பெனி வெளியிட்ட ஆல்பம் அது, கோடிக்கணக்கில் விற்றது. ஆக, உங்கள் ஆறு பாட்டையும் மூட்டை கட்ட வேண்டாம்.

மெட்டையும் அப்படித்தான் பயன்படுத்தினார். 1980இல் ஒரு திரைப்படத்தின் பின்னணிக்குப் போட்ட இசைத்துணுக்கு, 1983இல் போனி டைலர் பாடிய ‘டோட்டல் எக்லிப்ஸ் ஆஃப் தி ஹார்ட்’ ஆனது. 1997இல் வியன்னாவில் ஜெர்மன் மொழி ரத்தக்காட்டேரி நாடகம் ஒன்றில் அதே மெட்டு மறுபடி வந்து நின்றது. சோம்பேறித்தனம் என்று திட்டியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை.

சரி, நீளத்துக்கு வருவோம். 9 நிமிடம் தவறில்லை, காட்சி நகர்கிறதா என்பதுதான் கேள்வி. அவருடைய ‘பாரடைஸ் பை தி டாஷ்போர்ட் லைட்’ எட்டரை நிமிடம் ஓடும். முதலில் காருக்குள் இரண்டு இளசுகளின் கொஞ்சல். நடுவில் பாட்டே நின்று, ஃபில் ரிசுட்டோ என்ற நிஜ பேஸ்பால் வர்ணனையாளரின் குரல் வரும். ஆட்டத்தைச் சொல்வது போல் காருக்குள் நடப்பதைச் சொல்கிறது. சட்டென்று அந்தப் பெண் நிறுத்தி, “காலமெல்லாம் என்னைக் காதலிப்பாயா, இப்போதே சொல்” என்று பிடிக்கிறாள். அவன் இழுத்தடித்து, வாக்குக் கொடுத்து, பிறகு ஆயுள் முழுக்க அதற்காக நொந்துகொள்கிறான். நாலு காட்சி, ஒவ்வொன்றுக்கும் வேறு தாளம். உங்கள் பாட்டைக் காகிதத்தில் இப்படிக் காட்சி காட்சியாகப் பிரித்துப் பாருங்கள். எந்தப் பகுதியில் கதை அசையவில்லையோ அதைக் கழற்றுங்கள்.

அப்புறம், முழுப் பாட்டையும் வைத்துக்கொண்டே ஒரு சின்ன வடிவமும் செய்யுங்கள். 1993இல் மீட் லோஃப் பாடிய ‘ஐ வுட் டூ எனிதிங் ஃபார் லவ்’ ஆல்பத்தில் 12 நிமிடம். வானொலிக்கு 5 நிமிடச் சொச்சம். பாட்டு பல நாடுகளில் முதலிடம் பிடித்தது.

இனி பாடகர். ஒரே தொண்டையை நம்பினால் என்ன ஆகும் என்பதும் ஸ்டைன்மன் கதையிலேயே இருக்கிறது. 1977 ஆல்பத்துக்குப் பிறகு மீட் லோஃப் குரல் போய்விட்டது. அவருக்காக வைத்திருந்த பாட்டுகளை 1981இல் பெரும்பாலும் ஸ்டைன்மனே பாடி வெளியிட்டார். அவ்வளவாக எடுபடவில்லை, அவர் குரலுக்கு அந்த பாரம் தாங்காது. வேறு குரல்களைத் தேடிப் போனதும் நிலைமை மாறியது: 1983 அக்டோபரில் அமெரிக்கப் பில்போர்டு பட்டியலில் முதலிடத்தில் போனி டைலர், இரண்டாமிடத்தில் ஏர் சப்ளை குழு. இரண்டும் இவர் பாட்டு. 1989இல் பண்டோராஸ் பாக்ஸ் என்ற பெண்கள் குழுவுக்குக் கொடுத்து விற்காமல் போன பாட்டு ஒன்று, 1996இல் செலின் டியான் பாடியபோது உலகம் சுற்றியது.

உங்கள் நண்பருக்கு அவர் பாடிய பதிவின் மேல் உரிமை உண்டு, அவரைக் கேட்காமல் அதை வெளியிடாதீர்கள். பாட்டின் மேல் அந்த உரிமை கிடையாது. ஆனால் நீங்கள் குழுவில் சம்பளத்துக்கு எழுதினீர்களா, எதிலாவது கையெழுத்துப் போட்டீர்களா என்று முதலில் பாருங்கள். அப்படியென்றால் உரிமை குழுவுக்குப் போயிருக்கலாம். இந்தியச் சட்டப்படி, பாட்டின் உரிமையை இன்னொருவருக்கு எழுதிக் கொடுக்கும்போது காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டு, இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியா என்று கொள்வார்கள். இரண்டையும் நீங்களே எழுதிவிடுவது நல்லது.

நாடகத்தின் தலைப்பையும் இப்போதே பேசி முடிவு செய்யுங்கள். ‘பேட் அவுட் ஆஃப் ஹெல்’ என்ற பெயரை ஸ்டைன்மன் வணிகமுத்திரையாகப் பதிந்திருந்தார். அந்த வரிசையில் மூன்றாவது ஆல்பத்துக்கு அந்தப் பெயர் வேண்டும் என்று 2006இல் மீட் லோஃப் வழக்குப் போட்டார். முப்பது வருடக் கூட்டாளிகள்! நீதிமன்றத்துக்கு வெளியே பேசித் தீர்த்துக்கொண்டார்கள், ஆல்பமும் வந்தது, அதில் பாதிப் பாட்டுகள் ஸ்டைன்மனுடையவைதான். தயாரிப்பாளர் நாற்காலியில் மட்டும் வேறு ஆள்.