பாலைவனப் பூங்காவில் போனே வழிகாட்டி: அஸ்தம்பட்டி வாசகருக்குப் பதில்

கேள்வி: நானும் மனைவியும் பணி ஓய்வு பெற்றவர்கள். சேலம் அஸ்தம்பட்டியில் இருக்கிறோம். மகன் லாஸ் வேகாஸில் வேலை பார்க்கிறான். அக்டோபர் கடைசியில் கிளம்பி மார்ச் வரை அவனோடு இருப்போம். பக்கத்தில் இருக்கும் பாலைவன தேசியப் பூங்காக்களுக்கு காரில் கூட்டிப் போகிறேன் என்கிறான். கைடு எல்லாம் வேண்டாம், ஆடியோ டூர் என்று ஒன்றை வாங்கி போனில் போட்டால் போகிற வழியில் அதுவே பேசும் என்கிறான். அங்கே சிக்னலே கிடைக்காதாமே, அப்புறம் எப்படிப் பேசும்? அமெரிக்க இங்கிலீஷ் எனக்குப் பாதிதான் புரியும், மனைவிக்கு அதுவும் இல்லை. வாங்குவது வீண் செலவா? வெயிலுக்கு நாங்கள் பயப்படவில்லை. சேலத்து வெயிலையே பார்த்தவர்கள்.

பதில்: கடைசி வரிக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். சேலத்து வெயிலை வைத்து அந்த வெயிலைக் கணக்குப் போடாதீர்கள். நம் ஊரில் மே மாதம் 40 டிகிரியைத் தாண்டினால் ஊரே அதைப் பற்றித்தான் பேசும். லாஸ் வேகாஸுக்குப் பக்கத்துப் பாலைவனப் பூங்காவான டெத் வேலியில் ஜூலை மாதத்துப் பகல் வெப்பத்தின் சராசரியே 47 டிகிரிக்குப் பக்கம். 1913 ஜூலை 10 அன்று அங்குள்ள ஃபர்னஸ் கிரீக்கில் பதிவான 56.7 டிகிரிதான் இன்றுவரை உலகச் சாதனையாகக் கணக்கில் இருக்கிறது. அதைவிட முக்கியம், நமக்கு வியர்த்தால் சட்டை நனையும். தண்ணீர் குடிக்கத் தோன்றும். அந்த வறண்ட காற்றில் வியர்வை வந்த சுவடே தெரியாமல் காய்ந்துவிடும். தாகம் தெரிவதற்கு முன்னாலேயே தலைவலி வந்துவிடும். ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு கேலன், அதாவது ஏறக்குறைய 4 லிட்டர் தண்ணீர் காரில் இருக்க வேண்டும் என்பது அங்குள்ள பொது விதி. குளிர்காலத்திலும் இதைக் குறைக்காதீர்கள்.

நல்லவேளை, நீங்கள் போகும் காலம் சரியான காலம். நவம்பர் நடுவிலிருந்து மார்ச் வரைதான் அந்தப் பாலைவனங்களை நிம்மதியாகப் பார்க்க முடியும். நவம்பர் நாலாவது வியாழனை ஒட்டிய தேங்க்ஸ்கிவிங் விடுமுறையை மட்டும் தவிர்த்துவிடுங்கள், கூட்டம் தாங்காது. டிசம்பர் ஏற்காட்டுக்கு எடுத்துப் போகும் ஸ்வெட்டர் அங்கே மாலையில் போதாது, அதற்கு மேல் ஒன்று வேண்டும்.

சிக்னல் விஷயத்துக்கு வருவோம். போனுக்குள் டவர் சிக்னல் வேறு, ஜிபிஎஸ் வேறு. ஜிபிஎஸ் செயற்கைக்கோளிலிருந்து வருகிறது. போன் அதைக் கேட்டுக்கொள்கிறது, அவ்வளவுதான். சிம் கார்டு இல்லாவிட்டாலும், ஏரோபிளேன் மோடில் போட்டாலும் தான் எங்கே இருக்கிறோம் என்று போனுக்குத் தெரியும். ஆடியோ டூரில் ஒவ்வொரு இடத்துக்கும் ஒரு ஒலிப்பதிவும் அந்த இடத்தின் வரைபடக் குறியும் சேர்ந்திருக்கும். கார் அந்த இடத்தை நெருங்கியதும் பதிவு தானாக ஓட ஆரம்பிக்கும். ஆகவே டூர் முழுவதையும் வீட்டு வைஃபையில் முன்கூட்டியே இறக்கி வைத்திருந்தால் சிக்னல் தேவையே இல்லை. ‘வழியில் இறக்கிக்கலாம்’ என்று விட்டால் கொடுத்த காசு போச்சு. இறக்கி முடித்ததும் போனை ஏரோபிளேன் மோடில் போட்டு ஏதாவது ஒரு கதையைத் தட்டிப் பாருங்கள். ஓடினால் சரி.

கைடுஅலாங், ஷாகா கைடு, ஆக்‌ஷன் டூர் கைடு ஆகியவை இந்த வகையில் பெயர் தெரிந்த கட்டண ஆப்கள். அமெரிக்க தேசியப் பூங்கா சேவைக்குச் சொந்தமாக இலவச ஆப் இருக்கிறது. அதில் பூங்காவைத் தேர்ந்தெடுத்து ஆஃப்லைனுக்குச் சேமித்துக்கொள்ளலாம். கட்டண ஆப் வாங்கினாலும் இதையும் போனில் வையுங்கள், கழிப்பறையும் தண்ணீர்க் குழாயும் எங்கே என்று இதுதான் சொல்லும்.

இன்னொரு சின்ன விஷயம், பலருக்கு இதில்தான் டூர் பாதியில் நிற்கிறது. போனை முன் கண்ணாடியில் ஒட்டி வைத்தால் வெயிலில் சூடேறித் தானாக அணைந்துவிடும். ஏசி காற்று வரும் இடத்தில் மாட்டுங்கள். பேட்டரி சேமிப்பு மோடில் போட்டிருந்தாலும் பின்னணியில் ஓடும் ஆப்பை போன் தூங்க வைத்துவிடும்.

எல்லாப் பூங்காவுக்கும் இது பொருந்தாது. கார் ரோட்டை விட்டு அதிகம் இறங்காமலே பார்க்கக்கூடிய பூங்காவுக்குத்தான் ஆடியோ டூர். சயானை எடுத்துக்கொள்ளுங்கள். பேர் பெற்ற அந்தப் பள்ளத்தாக்கு ரோட்டில் வருடத்தில் பெரும்பகுதி சொந்தக் காரை விடமாட்டார்கள்; ஷட்டில் பஸ்ஸில்தான் போக வேண்டும். ஜோஷுவா ட்ரீ பரவாயில்லை, பார்க்க வேண்டியவை எல்லாம் ரோட்டோரத்திலேயே வந்துவிடும். ஆனால் பூங்காவுக்குள் பெட்ரோல் கிடையாது, சாப்பாடு கிடையாது, பெரும்பகுதியில் சிக்னலும் கிடையாது. வேகாஸிலிருந்து ஒரே நாளில் போய்த் திரும்புவது உங்கள் வயதுக்கு அலைச்சல், இரவு தங்குவதாக இருந்தால் போங்கள்.

என்னைக் கேட்டால் உங்களுக்கு டெத் வேலிதான். லாஸ் வேகாஸிலிருந்து பஹ்ரம்ப் என்ற ஊர் வழியாக இரண்டு, இரண்டரை மணி நேரம். பஹ்ரம்பில் டேங்க்கை நிரப்பிவிடுங்கள், பூங்காவுக்குள் பெட்ரோல் விலை எகிறும். போகும்போது முதலில் டான்டேஸ் வியூ என்ற மலைமுனைக்கு ரோடு பிரியும் இடம் வரும். அங்கே ஏறிவிடுங்கள். உயரம் 1,669 மீட்டர், நம் ஏற்காட்டைவிட 150 மீட்டர் கூடுதல். ஏற்காட்டு லேடீஸ் சீட் மலைமுனையில் நின்று சேலத்தைப் பார்ப்பதுபோலத்தான் இருக்கும். ஆனால் கீழே தெரிவது ஊர் இல்லை, கடல் மட்டத்துக்கும் கீழே 86 மீட்டர் ஆழத்தில் வெள்ளையாக விரிந்து கிடக்கும் உப்பு. அந்த உப்புக்குத்தான் அடுத்து இறங்கப் போகிறீர்கள்.

வழியில் ஜப்ரிஸ்கி பாயின்ட் என்ற காட்சிமுனையைப் பார்த்துவிட்டு ஃபர்னஸ் கிரீக் பக்கம் இறங்கினால், அங்கிருந்து தெற்கே 17 மைலில் பேட்வாட்டர், அந்த உப்புப் பரப்பு. காரை நிறுத்தியதும் எல்லோரும் உப்புப் பரப்பைப் பார்த்து நடப்பார்கள். நீங்கள் ஒரு நிமிஷம் திரும்பி, கார் நிற்கும் இடத்துக்குப் பின்னால் இருக்கும் பாறையை அண்ணாந்து பாருங்கள். வெகு உயரத்தில், ‘கடல் மட்டம்’ என்று இங்கிலீஷில் எழுதிய வெள்ளைப் பலகை ஒன்று தெரியும். ஆடியோ டூரின் பயன் இந்த மாதிரி இடத்தில்தான். யாராவது சொல்லாவிட்டால் நம் கண் அங்கே போகாது.

ஆர்ட்டிஸ்ட்ஸ் டிரைவ் என்று பாறை பல நிறத்தில் மின்னும் ரோடு ஒன்று இருக்கிறது. 9 மைல், ஒருவழிப் பாதை, தெற்கிலிருந்து வடக்கே மட்டும் போகலாம். பேட்வாட்டருக்குப் போகும்போது உங்கள் கண்ணில் முதலில் படுவது அதன் வெளிவாசல், நுழையாதீர்கள். பேட்வாட்டரைப் பார்த்துவிட்டுத் திரும்பும்போது அதில் ஏறுங்கள். சூரியன் சாயும் நேரமாக இருந்தால் நிறமும் நன்றாகத் தெரியும்.

ஆடியோ டூர் ஒரு காலத்தில் பதிவு செய்தது என்பதை மறக்கக் கூடாது. ரோடு அப்படியே இருக்கும் என்று சொல்ல முடியாது. 2023 ஆகஸ்டில் ஒரே மழையில் டெத் வேலி ரோடுகள் அரித்துப் போய், அக்டோபர் 15 வரை பூங்காவையே மூடி வைத்திருந்தார்கள். ஸ்காட்டீஸ் காஸில் என்ற மாளிகை 2015 வெள்ளத்தில் சேதமானது, அதன் பிறகு வழக்கமான பார்வைக்குத் திறக்கவில்லை. ஆனால் பழைய பதிவு ஏதாவது உங்களை அங்கே கூப்பிடலாம். கிளம்பும் அன்று காலையில் பூங்காவின் இணையதளத்தில் ரோடு நிலவரத்தைப் பார்த்துவிடச் சொல்லுங்கள்.

மொழிப் பிரச்சினைக்கு வருகிறேன். உங்கள் கேள்வியில் முக்கியமானது இதுதான் என்று எனக்குப் படுகிறது. காரில் மூன்று பேர் இருக்கும்போது ஒருவருக்கு மட்டும் புரியும் குரல் நாள் முழுக்கப் பேசினால், மற்ற இருவரும் மத்தியானத்துக்குள் தூங்கிவிடுவார்கள். டூரை வாங்குங்கள், வீண் இல்லை. ஆனால் அதை உங்கள் மகன் வீட்டில் உட்கார்ந்து கேட்கட்டும். பெரும்பாலான ஆப்களில் அந்த இடத்துக்குப் போகாமலே கதையைத் தட்டிக் கேட்க முடியும். கேட்டுவிட்டு, பத்துப் பன்னிரண்டு நிறுத்தங்களுக்கு மட்டும் தமிழில் தன் குரலில் ஒவ்வொன்றாகப் பதிவு செய்யட்டும். 01 டான்டேஸ் வியூ, 02 ஜப்ரிஸ்கி என்று எண் போட்டு உங்கள் மனைவியின் போனில் ஏற்றிவிட்டால் போதும். அவரே முன் சீட்டில் உட்கார்ந்து, இடம் வரும்போது தட்டுவார். வண்டி ஓட்டுபவர் போனைத் தொடக் கூடாது, இதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

பேச எவ்வளவோ இருக்கிறது. 1880-களில் இருபது கோவேறு கழுதைகளைப் பூட்டிய வண்டியில் வெண்காரத்தை ஏற்றிப் பாலைவனத்தைக் கடந்தார்கள். அதைப் பதப்படுத்திய ஹார்மனி ஆலையின் மிச்சம் ஃபர்னஸ் கிரீக் பக்கத்திலேயே நிற்கிறது. ஆள் இல்லாத இடம் என்று நாம் நினைக்கும் அந்தப் பள்ளத்தாக்கில் டிம்பிஷா ஷோஷோனி என்ற பழங்குடி மக்கள் இன்றும் வீடு கட்டி வாழ்கிறார்கள்; அவர்களுடைய நில உரிமையை அமெரிக்க அரசு சட்டம் போட்டு ஒப்புக்கொண்டது 2000-ல்தான்.

மகன் அங்கே பதிவு செய்வதற்கு முன்னால் நீங்கள் இங்கே ஒரு ஒத்திகை பார்த்துவிடலாம், ஏற்காடு இருக்கும்போது என்ன கவலை! ஞாயிற்றுக்கிழமை வேண்டாம், வாரநாளில் காலையிலேயே கோரிமேடு வழியாக அடிவாரம் போய்விடுங்கள். 20 கொண்டை ஊசி வளைவுக்கும் எண் பலகை இருக்கிறது, அதுதான் உங்கள் குறி. ஐந்தாறு இடங்களுக்குப் பதிவு போதும். சமவெளி திறந்து தெரியும் இடத்தில் வெள்ளைக்கல் சுரங்கங்களைப் பற்றிப் பேசுங்கள்: மேக்னசைட், உருக்காலை உலைக்குள் அடுக்கும் செங்கல்லுக்குப் போவது. மேலே போனதும் சில்வர் ஓக் மரத்தடியில் காப்பிச் செடி, மரத்தில் மிளகுக் கொடி. 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் இங்கே காப்பியைக் கொண்டு வந்த கதை ஒரு நிமிஷத்தில் முடியும்.

ஒரு நிமிஷம் என்று சும்மா சொல்லவில்லை. மலைப்பாதையில் வளைவுக்கும் வளைவுக்கும் இடையே நேரம் கொஞ்சம்தான். பேச்சு நீண்டால் சொல்லும் இடத்தைக் கார் தாண்டிவிடும். ‘இடது பக்கம் பாருங்கள்’ என்று ஏறும்போது பதிவு செய்தது இறங்கும்போது வலது பக்கம் ஆகிவிடும். கைகாட்டிச் சொல்லாமல் ‘பள்ளத்துப் பக்கம்’, ‘பாறைப் பக்கம்’ என்று சொன்னால் குழப்பம் வராது. பாலைவனத்தில் இதற்கு நேர்மாறு. பத்து மைலுக்கு ஒன்றுமே வராது. அந்த இடைவெளியை நிரப்ப வேண்டாம் என்று மகனிடம் சொல்லிவிடுங்கள். வேண்டுமானால் இளையராஜா பாட்டு போட்டுக்கொள்ளுங்கள், என் ஓட்டு ஜன்னலை இறக்கிவிடுவதற்கு.

கட்டணத்தில் 2026 ஜனவரி 1 முதல் மாற்றம் வந்திருக்கிறது. எல்லா தேசியப் பூங்காவுக்கும் செல்லும் ஆண்டுப் பாஸ் அமெரிக்காவில் குடியிருப்பவருக்கு 80 டாலர், வெளிநாட்டவருக்கு 250. சயான், கிராண்ட் கேன்யன், பிரைஸ் கேன்யன் உள்ளிட்ட 11 பூங்காக்களில், பாஸ் இல்லாத வெளிநாட்டவர் 16 வயதோ அதற்கு மேலோ என்றால் நுழைவுக் கட்டணத்தோடு ஆளுக்கு 100 டாலர் கூடுதலாகக் கட்ட வேண்டும். டெத் வேலியும் ஜோஷுவா ட்ரீயும் அந்தப் பட்டியலில் இல்லை. இந்த இரண்டிலும் தலா காருக்கு 30 டாலர், 7 நாள் செல்லும். டெத் வேலியில் ரொக்கம் வாங்கமாட்டார்கள், கார்டுதான். ஆக இந்த இரண்டோடு நிறுத்திக்கொண்டால் 60 டாலரில் முடிந்தது. சயானையும் சேர்த்தால் உங்கள் இருவருக்கு மட்டும் கூடுதல் 200 ஆகிவிடும், அப்போது 250 பாஸ் எடுப்பதே கணக்குக்குச் சரி.

நீங்களும் கொஞ்சம் ஓட்ட ஆசைப்படுவீர்கள் என்று நினைக்கிறேன். சேலத்திலேயே வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் சர்வதேச ஓட்டுநர் அனுமதி வாங்கிக்கொள்ளுங்கள். பாஸ்போர்ட், விசா, நம் லைசென்ஸ் வேண்டும், ஒரு வருடம் செல்லும். மகனுடைய இன்ஷூரன்ஸில் உங்கள் பெயருக்கு இடம் உண்டா என்று அவனைக் கேட்கச் சொல்லுங்கள். அங்கே ரோட்டின் வலது பக்கம் ஓட்ட வேண்டும். காலியான பாலைவன ரோட்டில் பழக்கதோஷத்தில் கார் இடது பக்கம் ஒதுங்கிவிடும், எதிரே வண்டி வந்தால்தான் தெரியும். முதல் தடவை வண்டி நிறுத்துமிடத்திலிருந்து வெளியே எடுக்கும்போது மகன் பக்கத்தில் இருக்கட்டும்.

வழி காட்டும் மேப்பையும் கதை சொல்லும் ஆப்பையும் குழப்பிக்கொள்ள வேண்டாம். குறுக்கு வழி என்று மேப் ஒரு மண் ரோட்டைக் காட்டினால் போகாதீர்கள். மேப்பை நம்பி அப்படி இறங்கி மாட்டிக்கொண்டவர்கள் டெத் வேலியில் உண்டு, உயிரை விட்டவர்களும் உண்டு. வாடகைக் கார் என்றால் தார் இல்லாத ரோட்டில் பழுதானால் பெரும்பாலான ஒப்பந்தங்களில் செலவு உங்கள் தலையில்தான். விசிட்டர் சென்டரில் காகித வரைபடம் கொடுப்பார்கள், ஒன்று கேட்டு வாங்கி டாஷ்போர்டில் வைத்துக்கொள்ளுங்கள். கார் எங்காவது நின்றுவிட்டால் உதவி தேடி நடக்க வேண்டாம், காரோடேயே இருங்கள்.