வாசகர் கேள்வி – பதில்: சத்தம் போடாத சண்டை

கேள்வி: குடும்பத்து ரப்பர் தோட்டத்தை விற்பதா வேண்டாமா என்று அண்ணனுக்கும் தம்பிக்கும் இடையே நிலவும் மனத்தாங்கலை, ஒரே காலைப்பொழுதில் நடக்கும் குறும்படமாக எழுதியிருக்கிறேன். படித்த நண்பர்கள், "ஒன்றுமே நடக்கவில்லையே, கடைசியில் ஓர் அடிதடியாவது வை" என்கிறார்கள். வைக்கலாமா? இருபது நிமிடம் அதிகமா?
– ஒரு வாசகர், குலசேகரம்

பதில்: அடிதடி வேண்டாம். இருவரும் அதுவரை அடக்கி வைத்ததெல்லாம் அந்த ஒரு கணத்தில் கரைந்துபோகும். ஆனாலும் நண்பர்களின் குறையைத் தள்ளிவிடாதீர்கள். தம்பி அன்று எதைக் கேட்க வந்தான், ஏன் அன்றே கேட்டாக வேண்டும் என்பது தெரியாவிட்டால், பார்ப்பவருக்கு மௌனம் வெறும் மௌனமாகவே இருக்கும்.

உங்கள் களமே உங்களுக்குத் துணை. சிரட்டைகளில் வடிந்த பாலைச் சேர்த்து, வடிகட்டி, தண்ணீர் கலந்து டிஷ் எனும் தட்டில் ஊற்றி, ஆசிட் விட்டுக் கலக்கியபின், மேலே எழும் நுரையை வழித்தெடுக்க வேண்டும் அல்லவா? விட்டால் உறைந்து வரும் ரப்பர் ஷீட்டில் குமிழ் விழும் என்பதால் அண்ணன் தலை நிமிராமலிருக்க நியாயமான காரணம் இருக்கிறது. தம்பி பேச்சைத் தொடங்க முடியாமல் நிற்கிறான். சற்று நேரத்தில் அவன் கையும் பழக்கத்தால் அடுத்த டிஷ்ஷின் நுரையை வழிக்கத் தொடங்குகிறது. அந்தக் கைகளைக் காட்டுங்கள், முகங்களுக்கு அவசரமில்லை. இத்தனை காலம் கேட்காமலே சாயா கொடுத்த மைனி (அண்ணி), அன்று தம்பியின் காதில் விழும்படி, "அவியளுக்குச் சாயா போடணுமா?" என்று கணவரிடம் கேட்டால், எந்த அடிதடியையும்விட அது ஆழமாகத் தைக்கும். அந்த வசனத்தைப் பொதுத்தமிழுக்கு மாற்றிவிடாதீர்கள் என்று உங்களை மன்றாடிக் கேட்டுக்கொள்கிறேன்.

பின்னணி இசையைக் கூடியவரை தவிர்த்து, யாரும் பேசாதபோது அந்த இடத்தில் இருக்கும் ஒலியை ஒரு நிமிடமாவது தனியாகப் பதிவுசெய்து வையுங்கள். படத்தொகுப்பில் வசனங்களுக்கு நடுவே வரும் இடைவெளிகளை அதுவே நிரப்பும். குமரி மாவட்டத்துக்கு இரண்டு பருவமழையும் உண்டு என்பதால் மழை குறைந்த மாசியில் எடுக்கலாம் என்று தோன்றும். ஆனால் அப்போது ரப்பர் இலையுதிர்த்துத் தளிர்க்கும் காலம், பல தோட்டங்களில் பால்வெட்டை நிறுத்தியிருப்பார்கள். தோட்டக்காரரிடம் கேட்டபிறகே தேதி குறியுங்கள்.

நீளம் பற்றிக் கவலை வேண்டாம். ஆஸ்கர் விதியே பெயர்ப்பட்டியல் உட்பட 40 நிமிடம் வரை குறும்படமாக ஏற்கிறது. குறைக்கத்தான் வேண்டுமென்றால், அப்பா சொத்து சேர்த்த கதையை விளக்கும் தொடக்க வசனங்களிலிருந்து குறையுங்கள்.