ராபர்ட் ஹெரிட்ஜ் – ஒரு கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்க ஜாஸ் பாடகி பில்லி ஹாலிடே பாடும் பழைய கறுப்பு வெள்ளைக் காட்சி ஒன்றை யூட்யூபில் பார்த்தேன். சுற்றிலும் சாக்ஸபோன்காரர்கள், தலையில் தொப்பியோடு, ஒத்திகைக்கு வந்தவர்கள் மாதிரி நிற்கிறார்கள். கேமராகூடத் தெரிகிறது. பாடுவதும் வாசிப்பதும் அவர்கள்தான். இதில் தயாரிப்பாளருக்கு என்ன வேலை?

ஒரு வாசகர், ஈரோடு

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் பார்த்தது 'தி சவுண்ட் ஆஃப் ஜாஸ்'. 1957 டிசம்பர் 8, ஞாயிறு மாலை, நியூயார்க்கிலிருந்து சிபிஎஸ் தொலைக்காட்சியில் நேரலையாகப் போனது. தயாரிப்பாளர் ராபர்ட் ஹெரிட்ஜ். அதற்கு முன் 'கேமரா த்ரீ' என்ற நிகழ்ச்சிக்காக இலக்கியங்களைத் தொலைக்காட்சிக்கு ஏற்ப எழுதித் தயாரித்துக்கொண்டிருந்தவர். வெறுந்தரை, ஒரு ஸ்டூல், கொஞ்சம் வெளிச்சம். அவ்வளவுதான் அவர் அரங்கம். அதே கஞ்சத்தனத்தை ஜாஸுக்கும் கொண்டுவந்தார். யாரைக் கூப்பிடுவது என்பதை நாட் ஹென்டாஃப், விட்னி பாலியட் என்ற இரண்டு விமர்சகர்களிடம் விட்டுவிட்டார். நீங்கள் பார்த்த தொப்பிகள் அப்படி வந்தவைதான். வீட்டிலிருந்து போட்டுக்கொண்டு வந்ததைக் கழற்றச் சொல்லவில்லை.

சும்மா இருந்தார் என்று நினைத்துவிடாதீர்கள். போதைப்பொருள் வழக்கில் சிறை சென்ற பெண்ணை ஞாயிற்றுக்கிழமை வீடுகளுக்குள் கொண்டுவரக்கூடாது என்று விளம்பரதாரர் தரப்பிலிருந்து கடைசி நேரத்தில் ஒரு சீட்டு வந்ததை ஹென்டாஃப் பதிவு செய்திருக்கிறார். அவள் போனால் நாங்களும் போகிறோம் என்றாராம் ஹெரிட்ஜ். பில்லி பாடினார்.

அந்தப் பாட்டில் சாக்ஸபோன் கலைஞர் லெஸ்டர் யங் வரும் இடத்தை இன்னொரு முறை பாருங்கள். அன்று அவருக்கு உடம்பு சரியில்லை. எழுந்து நின்று அந்த ப்ளூஸ் பாட்டின் ஒரே ஒரு சுற்று, 12 பார் (தாள ஆவர்த்தனம் மாதிரி), வாசிக்கிறார். அலங்காரம் எதுவும் கிடையாது. கேமரா பில்லியின் முகத்துக்குப் போகிறது. ஸ்டூலில் உட்கார்ந்தபடி மெல்லத் தலையாட்டுகிறார், உதட்டோரம் ஒரு சிரிப்பு. ஒரு காலத்தில் நெருங்கிய தோழர்கள், பிறகு விலகிப் போனவர்கள். 1959இல், மார்ச்சில் லெஸ்டரும் ஜூலையில் பில்லியும் இறந்தார்கள். நம்மூர்ப் பாட்டுப் போட்டிகளில் இப்படி ஒரு தருணத்துக்குப் பின்னணியில் வயலின் சேர்த்து மூன்று தடவை திருப்பிக் காட்டியிருப்பார்கள்!

அப்புறம், 1959 ஏப்ரலில் ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸையும் சாக்ஸபோன் கலைஞர் ஜான் கோல்ட்ரேனையும் ஹெரிட்ஜ் இதே பாணியில் படம்பிடித்தார். மைல்ஸின் 'கைண்ட் ஆஃப் ப்ளூ' இசைத்தட்டின் பதிவு அப்போது பாதிதான் முடிந்திருந்தது. அதிலுள்ள 'சோ வாட்' இசைத்தட்டாகக் கடைக்கு வருவதற்கு முன்பே ஹெரிட்ஜின் கேமரா முன்னால் வாசிக்கப்பட்டுவிட்டது. ஒளிபரப்பானது மட்டும் 1960இல்.

நேரம் கிடைத்தால் 'தி சவுண்ட் ஆஃப் ஜாஸ்' முழுவதையும் பாருங்கள். பியானோ கலைஞர் தெலோனியஸ் மங்க் வாசிக்கும்போது பியானோவுக்கு மறுபக்கம் ஒருவர் உட்கார்ந்து அவரையே பார்த்துக்கொண்டிருப்பார். அவரும் பெரிய பியானோ கலைஞர், கவுன்ட் பேஸி. மங்குக்கு அது எரிச்சலாக இருந்ததாம். ஆனாலும் பேஸியை யாரும் எழுப்பவில்லை.