பிரேசில்ல எதுக்கு இடஒதுக்கீடு?

கேள்வி: அடிமை முறைய ஒழிச்சு நூறு வருஷத்துக்கு மேல ஆச்சே, பிரேசில் கறுப்பின மக்களுக்கு இன்னும் எதுக்கு சார் இடஒதுக்கீடு?
– வாசகி, கோத்தகிரி

பதில்: சட்டம் வந்தது 1888 மே 13-ல மா, ஆனா காபித் தோட்டத்துல உழைச்சவங்களுக்கு ஒரு சென்ட் நிலமோ நஷ்டஈடோ தரல, வேலைக்கும் ஐரோப்பாவுல இருந்து ஆள கூட்டிட்டு வந்தாங்க. உங்க பக்கத்து எஸ்டேட்ல பாருங்க, ஆயுசு பூரா கொழுந்து பறிச்சவங்க ரிடையர் ஆனதும் லைன் வீட்டுச் சாவிய குடுத்துட்டு கிளம்பணும், அப்புறம் பிள்ளைங்க எங்க இருந்து படிக்கும்? ரெண்டு இடத்துலயும் எனக்கு அதே கோபம்தான். பிரேசில்ல கறுப்பின மக்கள் போராடித்தான் 2012-ல மத்திய அரசு யுனிவர்சிட்டிகள்ல பாதி சீட்ட அரசுப் பள்ளிப் பிள்ளைங்களுக்கு ஒதுக்க வச்சு, அதுக்குள்ள இனவாரி கோட்டாவும் வாங்கினாங்க. தப்பிச்சு வந்த அடிமைகள் கட்டின பால்மாரெஸ்ங்கிற குடியிருப்போட தலைவர் ஜும்பி, 1695-ல அவர கொன்ன நவம்பர் 20-க்கு நாடு முழுக்க லீவு கிடைச்சதே 2024-லதான்.